வாயில் வராத பெயர்

அத்தியாயம் 19

மறுநாள் காலை ஏழு மணிக்குக் கத்தி வைப்பதாக இருந்தது. போன வாரம் அந்த இடத்தில்தான் விட்டேன். என் மகள் நெரைடாவின் தொண்டையில் வளர்ந்திருப்பதை எடுக்கும்போது குரலையும் சேர்த்து எடுத்துவிடுவார்கள். பரன்கீயா நகரத்து டாக்டர் இதைச் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னான். சுவரைப் பார்த்துப் பேசுகிற ஆளை நான் நம்புவதில்லை. ஆனால் இந்த ஒரு விஷயத்தில் அவன் பொய் சொல்லவில்லை.

ஆக, அவளுக்குக் குரல் இருக்கப்போவது அந்த ஒரு பகல்தான்.

அந்தக் குரலையும் அவள் தொடவில்லை. ஒன்பது நாளாக வாயே திறக்கவில்லை. மத்தியானம் ரெண்டு மணிக்குக் கடைசியாக ஒரு பாட்டைப் பதிவு செய்வது, நாலு மணிக்கு வண்டி ஏறிப் பரன்கீயா போவது என்று ஏற்பாடு. ஒரே ஒரு தடவைதான் பாட முடியும், அதற்கு மேல் தொண்டை தாங்காது. அதனால் எதுவானாலும் ஒரு பள்ளிக்கூட நோட்டில் எழுதிக் காட்டினாள். உப்பு வேண்டுமென்றால் உப்பு என்று எழுதினாள்.

எனக்கு அன்றைக்குப் படிக்கத் தெரியாது. அவளுக்கும் எனக்கும் நடுவில் என் பெண்டாட்டி டெல்ஃபினா உட்கார்ந்து படித்துச் சொன்னாள். அவள் முழுசாகப் படிக்கிறாளா, பாதியை விழுங்குகிறாளா என்று யார் கண்டது?

காலையில் வெந்த மரவள்ளிக்கிழங்கும் புளித்த பாலாடையும் வைத்தாள். மகளுக்கு மட்டும் மீன் சாறு. நெரைடா காப்பியை ஒரு வாய் குடித்துவிட்டு நோட்டில் எழுதினாள்.

"என்ன எழுதியிருக்கா?" என்றேன்.

"காப்பி நல்லாயிருக்காம்."

"காப்பிக்கு மூணு வரியா?"

"கிழவா, அவ பாட்டு எழுதுறவ. காப்பியைக்கூட நீட்டி முழக்கித்தான் சொல்லுவா."

நெரைடா சிரித்தாள். சத்தமில்லாத சிரிப்பு. அதைப் பார்க்கப் பிடிக்காமல் நான் கிழங்கைப் பார்த்தேன்.

இருபத்தொரு வருஷத்துக்கு முன்னால், பதினெட்டு வயதில், அக்கார்டியன்காரன் சாபாஸ் வனேகாஸின் லாரியில் ஏறிப் போனவள் இவள். எங்கள் புவெர்தோ கலபாசோவில் பொம்பளைகள் அடுப்படியில் நின்று பாட்டுக் கேட்பார்கள். பாடுவது தொப்பி போட்ட ஆம்பளைகளின் வேலை. இவள் சேவல் சண்டைக் களத்தில் பாடினாள். மாட்டுச் சந்தையில், சாணிக்கு மேலே பலகை போட்டுப் பாடினாள். அப்புறம் இசைத்தட்டு வந்தது, வானொலி வந்தது. தலைநகர் பொகோத்தாவில் பந்து விளையாடுகிற மைதானத்தில் ஜனங்கள் மழையில் நனைந்துகொண்டு இவளுக்காக நின்றார்கள். அறுபத்து மூன்று பாட்டு. அத்தனையையும் நான் கேட்டேன், அடுத்தவன் ரேடியோவில்.

எங்கள் பக்கத்துப் பாட்டில் ஒரு வழக்கம் உண்டு. பாட்டு நடுவில் அக்கார்டியன் தனியாக ஓடும். அந்த நேரத்தில் பாடுகிறவர் தனக்கு வேண்டியவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவார். அது இசைத்தட்டிலேயே பதிந்துவிடும். பெயர் வந்தவன் செத்த பிறகும் அந்தப் பாட்டில் இருப்பான்.

என் மகள் ஊரில் ஒருத்தர் விடாமல் கூப்பிட்டாள். "டயர் ராஜா எவாரிஸ்தோவுக்கு!" என்றாள். தான் பிறந்தபோது பிரசவம் பார்த்த மருத்துவச்சியைக் கூப்பிட்டாள். தேர்தலில் தோற்ற மேயரைக் கூப்பிட்டாள். மருந்துக்கடைக் கிளி ஒரு பாட்டில் வந்தது. நான் மட்டும் வரவில்லை.

ஊர் வாயை மூட உலைமூடி இல்லை. நான் ஐஸ் ஆலையில் நாற்பது வருஷம் வேலை பார்த்தவன். தெருவில் போனால் எவாரிஸ்தோ தன் கடையில் டயருக்குள்ளிருந்து தலையை நீட்டுவான்.

"ஐஸ்காரரே, இந்தத் தட்டுலயும் உங்களைக் காணோமே! கிளிக்குக்கூட ரெண்டாந்தடவை வந்திருச்சு!"

"கிளி அவளுக்குப் பழம் குடுத்திருக்கும்," என்று சொல்லிவிட்டு நடப்பேன்.

ஆனால் ஒவ்வொரு புதுப் பாட்டு வரும்போதும் மதுக்கடை மூலையில் போய் நிற்பேன். அக்கார்டியன் தனியாக ஓடி முடிகிறவரை நிற்பேன். முடிந்ததும் போய்விடுவேன். இதை டெல்ஃபினாவிடம்கூட நான் சொன்னதில்லை.

இது கடைசிப் பாட்டு. இதிலும் வரவில்லை என்றால் இனிமேல் வரப்போவதில்லை. அன்றைக்கு எனக்கு வேண்டியிருந்தது அது ஒன்றுதான். மகள் குரலே போகப்போகிற நாளில் அப்பன் தன் பெயருக்காகக் காதைத் தீட்டிக்கொண்டிருந்தான் என்றால் காறித் துப்புவீர்கள். துப்புங்கள்.

பத்து மணிக்குச் சாபாஸ் வந்தான். அவன் அவளுக்குப் புருஷனா, கூட்டாளியா என்று யாரும் எனக்குச் சொன்னதில்லை. நானும் கேட்டதில்லை.

"தொன் எலியேசர்! இன்னும் உயிரோடதான் இருக்கீங்களா?" தொன் என்பது எங்கள் பக்கத்தில் பெரியவர்களைக் கூப்பிடுகிற மரியாதை.

"உன்னை அனுப்பி வச்சிட்டுத்தான் போவேன்."

"அப்ப ரொம்ப நாள் இருப்பீங்க. எனக்கு அவசரமில்லை." பற்ற வைக்காத சிகரெட் ஒன்றை உதட்டில் தொங்கவிட்டுக்கொண்டு ஒரு சீட்டை எடுத்தான். "நெரைடா, நடுவுல கூப்பிட வேண்டிய பேரு இதுதானே? ஒரு தடவை வாசிக்கிறேன், பாரு. அம்மா டெல்ஃபினா. மேளக்காரன் ஹசாயேல். லாரி ஓட்டின செத்துப்போன பெலிசாரியோ. அவ்வளவுதான். மூச்சு அதுக்கு மேல தாங்காது."

மூன்று பெயர். நான் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தேன்.

நெரைடா கரண்டியால் தட்டில் ஓங்கி அடித்தாள். உட்காருங்கள் என்று கையைக் காட்டினாள். நோட்டில் எழுதி அம்மா பக்கம் தள்ளினாள். டெல்ஃபினா அதைப் பார்த்துவிட்டு, உடனே படிக்காமல் கண்ணாடியைத் துடைத்தாள்.

"முழுங்காம படி," என்றேன்.

"'அப்பாகிட்ட கேளு. அவர் பேரைச் சொல்லட்டுமா?'"

எனக்குக் கோபம்தான் வந்தது. "இதென்ன கேள்வி? இருபத்தொரு வருஷமா யாரு உன் வாயைப் பொத்தினா?"

அவள் எழுதினாள். ஒரே சொல்.

"'நீங்கதான்,'" என்று படித்தாள் டெல்ஃபினா.

"நானா?"

மறுபடி எழுதினாள். இந்தத் தடவை பென்சில் காகிதத்தைக் கிழித்தது.

"'போற அன்னைக்கு வாசல்ல நின்னு சொன்னீங்க. என் பேரு உன் வாயில வரக்கூடாதுன்னு. நான் இன்னைக்கு வரைக்கும் சொன்னதில்லை. பேட்டி எடுக்கிறவன் அப்பா பேரு என்னன்னு கேட்டாக்கூட எந்திரிச்சுப் போயிருவேன்.'"

எனக்கு ஞாபகமே இல்லை. கதவு ஞாபகம் இருக்கிறது. மழை ஞாபகம் இருக்கிறது. பட்டப்பகலில் லாரி விளக்கை எரியவிட்டுக்கொண்டு இந்தச் சாபாஸ் உட்கார்ந்திருந்தது ஞாபகம் இருக்கிறது. நான் கத்தினேன். என்ன கத்தினேன்? ஐஸ் உடைக்கிறவன் தெறித்துப்போன துண்டையெல்லாம் பார்த்துக்கொண்டா இருக்கிறான்? அது யார் கண்ணில் பட்டது என்று அவனுக்குத் தெரியாது.

"நான் அப்படிச் சொல்லல," என்றேன்.

"சொன்னே," என்றாள் டெல்ஃபினா. "நான் அடுப்பு முன்னால நின்னேன். ரெண்டு தடவை சொன்னே."

இத்தனை வருஷமும் அவள் வீம்புக்குத்தான் என்னை விட்டுவிடுகிறாள் என்று நினைத்தேன். அவள் என் பேச்சைக் கேட்டு நடந்திருக்கிறாள். என் பேச்சை அதற்கு முன்னும் பின்னும் யாரும் இவ்வளவு சுத்தமாகக் கேட்டதில்லை.

ஒரு சொல் சொல்லியிருந்தால் அங்கேயே தீர்ந்திருக்கும். ஆனால் சாபாஸ் பார்த்துக்கொண்டிருந்தான். சிகரெட் இருந்த பக்கம் அவன் வாய் கோணியது. சிரிப்பு என்று எனக்குப் பட்டது.

"உன் இஷ்டம்," என்றேன்.

நெரைடா தலையை ஆட்டினாள். எழுதினாள்.

"'என் இஷ்டம் இல்லை. நீங்க சொன்னதை நீங்கதான் எடுத்துக்கணும். எடுத்துக்கிட்டேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க.'"

"எனக்கு நாடகம் ஆடத் தெரியாது. சொல்றதுன்னா சொல்லட்டும். இல்லேன்னா போகட்டும்."

"யோவ், அவளுக்கு இன்னைக்கு ஒரு நாள்தான்யா இருக்கு!" என்றாள் டெல்ஃபினா.

"எனக்குத் தெரியாதா?"

"உன் நாக்கு இருக்கே, அது ஐஸ் வெட்டுற கத்தி. வெட்டத்தான் தெரியும்."

நான் வெளியே போனேன். துறைமுகத்தில் போய் நின்றேன். மக்தலேனா ஆறு செடியும் கட்டையுமாக இழுத்துக்கொண்டு போனது. மீன்காரன் ஒருவன் என்னவோ கேட்டான். அவன் கூடையை எட்டிப் பார்த்துவிட்டு நகர்ந்தேன்.

ரெண்டு மணிக்குக் கால் தானாகச் சாபாஸ் வீட்டுக்குப் போனது.

செத்துப்போன அவன் அம்மாவின் படுக்கையறைதான் பாட்டுப் பதியும் இடம். சுவர் முழுக்க முட்டை அட்டை, அதற்கு மேல் பழைய மெத்தை. நடுவில் ஒரு கண்ணாடி ஜன்னல். கதவுக்கு மேலே சிவப்பு விளக்கு. அது எரிந்தால் ஈகூடப் பறக்கக்கூடாது. சத்தம் வருமென்று காற்றாடியை நிறுத்தியிருந்தார்கள். நான் உள்ளே போகாமல் கண்ணாடிக்கு வெளியே நின்றேன். என் பக்கத்தில் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்தவன் ஒலிபெருக்கிப் பெட்டியின் குமிழைச் சின்னதாகத் திருகினான், உள்ளே இருந்த சத்தம் வெளியே கேட்டது.

நெரைடா செருப்பைக் கழற்றிவிட்டு வெறுங்காலோடு நின்றாள். டெல்ஃபினா மூலையில் துண்டோடு நின்றாள். மேளம் விழுந்தது. ஒன்பது நாள் கழித்து என் மகள் வாயைத் திறந்தாள்.

கரையை விட்டவளைக் கரை கேட்கும்:
கால் நனைஞ்சதா, கண் நனைஞ்சதா?
கேட்காதே கரையே, சொல்லமாட்டேன்,
ஈரம் ரெண்டும் ஒண்ணுதானே.

ரம்பம் போட்ட பலகை மாதிரி இருந்தது குரல். ஆனால் சுருதியை விட்டு ஒரு மயிரிழை விலகவில்லை. கம்ப்யூட்டர்காரன் மூக்கை உறிஞ்சினான். பாட்டைக் கேட்க விடாமல் செய்கிறான் என்று அவன் மண்டையில் தட்டலாம்போல இருந்தது எனக்கு.

ரெண்டாவது சரணம் முடிந்தது. அக்கார்டியன் தனியாகக் கிளம்பியது.

"அம்மா டெல்ஃபினாவுக்கு! அவ கை மீன் சாறுக்கு!" என்றாள் நெரைடா. "ஹசாயேலுக்கு, தோல் கிழியிற வரைக்கும் அடிக்கிறவனுக்கு! பெலிசாரியோவுக்கு, மேலே லாரி ஓட்டுறவனுக்கு!"

மூன்று பெயரும் ஆயிற்று. சாபாஸ் முடிக்கிற இடத்துக்கு வந்து அவளைப் பார்த்தான். அவள் ஒரு விரலை உயர்த்தினாள். இன்னொரு சுற்று.

பிறகு கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தாள்.

அக்கார்டியன் ஒரு சுற்று சுற்றி வந்தது. நான் நின்றேன். அவள் மறுபடி விரலைத் தூக்கினாள். சாபாஸின் மூக்கு நுனியிலிருந்து வேர்வை கட்டையில் சொட்டியது. ரெண்டாவது சுற்று வந்தது. டெல்ஃபினா துண்டை வாயில் அடைத்துக்கொண்டிருந்தாள். மூன்றாவது விரல்.

என்னை எது பிடித்து நிறுத்தியது என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது. தெரிந்தால் அதைக் கொன்றிருப்பேன்.

மூன்றாவது சுற்று பாதியில் நான் கதவைத் திறந்தேன். சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"எடுத்துக்கிட்டேன்!" என்று கத்தினேன். "நான் சொன்னதை எடுத்துக்கிட்டேன், மகளே! சொல்லு!"

அவள் முகம் எட்டு வயசு முகமாக ஆனது. மூச்சை இழுத்தாள்.

"எங்கப்பாவுக்கு, ஐஸ்காரர் எலி..."

அங்கே அறுந்தது. இருமல் இல்லை, கமறல் இல்லை. நூல் அறுகிற மாதிரி அறுந்தது. வாய் மீதிப் பெயரைச் சொல்லிக்கொண்டே இருந்தது. காற்று மட்டும் வந்தது. இன்னொரு தடவை முயன்றாள். அதற்கும் காற்றுதான்.

சாபாஸ் நிறுத்தவில்லை. கடைசிச் சரணம் பாக்கி இருந்தது. அதை அக்கார்டியனிலேயே தனியாக வாசித்து முடித்தான். அவள் உதட்டை அசைத்துக்கொண்டு அது முடிகிறவரை நின்றாள்.

டெல்ஃபினா துண்டை அவள் வாயில் வைத்து எடுத்தாள். துண்டில் கொஞ்சம் சிவப்பு இருந்தது.

"மறுபடி எடுங்க," என்றேன்.

"என்னத்தை எடுக்கிறது?" என்றாள் டெல்ஃபினா.

சாபாஸ் அக்கார்டியனின் வாரைக் கழற்றினான். "அவ்வளவுதான், தொன் எலியேசர். இனிமே இல்லை."

காலையில் பத்து மணிக்கே சொல்லியிருந்தால் அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்த மூன்று சுற்றும் மிச்சம். அந்த மூச்சில் ஒரு பெயர் தாராளமாக அடங்கும். இதை யாரும் என்னிடம் சொல்லவில்லை. எனக்கே விளங்கியது.

கம்ப்யூட்டர்காரன் மெதுவாகக் கேட்டான்: "பெரியவர் கத்தினதை வெட்டிரட்டுமா?"

நெரைடா வெளியே வந்து அவன் கையைப் பிடித்துத் தள்ளினாள். வேண்டாம் என்று தலையை ஆட்டினாள்.

சாபாஸ் மேஜை இழுப்பறையிலிருந்து அச்சடித்த காகிதம் ஒன்றை எடுத்தான். பேனாவைத் தேடினான். "எப்பவும் போலத்தானே?" என்று அவளைக் கேட்டான். அவள் தலையசைத்தாள். அவன் குனிந்து எழுத ஆரம்பித்தான்.

எனக்கு யாரையாவது அடிக்க வேண்டும்போல இருந்தது.

"என்னடா எழுதுறே? அவ குரல் போயி அஞ்சு நிமிஷம் ஆகல, அதுக்குள்ள பாட்டை உன் பேருக்கு மாத்துறியா? திருட்டுப் பயலே!"

"பாட்டு எழுதினவங்க பேரைப் பதியிற காகிதம் இது."

"அதான் கேக்குறேன், யாரு பேரைப் போடுறே?"

"படிச்சுப் பாருங்க," என்று நீட்டினான். நீட்டிய பிறகுதான் அவனுக்கு உறைத்தது. கண்ணைத் தாழ்த்திக்கொண்டான். திரும்ப இழுக்கப் போனவனிடமிருந்து நான் பிடுங்கினேன்.

எறும்புச் சாரி மாதிரி எழுத்து. ஒன்றும் விளங்கவில்லை. மேலே பார்த்தேன், கீழே பார்த்தேன். மூன்றாவது வரியில் கண் நின்றது.

ஐஸ் ஆலையில் வேலைக்கு வந்ததற்குப் பதிவேட்டில் கையெழுத்துப் போட வேண்டும். ரேகை வைத்தால் மை காய நேரமாகிறது என்று மேஸ்திரி என் பெயரை ஒரு அட்டையில் எழுதிக் கொடுத்து, இதைப் பார்த்து வரை என்றான். நாற்பது வருஷம் தினம் வரைந்தேன். வேறு எந்தச் சொல்லும் எனக்குத் தெரியாது. அந்தச் சொல்லை மட்டும் எங்கே பார்த்தாலும் தெரியும், சந்தைக் கூட்டத்தில் நம் வீட்டுக் கோழி தெரிகிற மாதிரி.

"இது என் பேரு," என்றேன்.

"ஆமா."

"இது இங்க எதுக்கு?"

"முதல் பாட்டுலேர்ந்து அங்கதான் இருக்கு. சொல்லும் மெட்டும் எலியேசர் மொஹிகா. அறுபத்து மூணு பாட்டுக்கும் அப்படித்தான் பதிஞ்சிருக்கா. இது அறுபத்து நாலு." சாபாஸின் வாய் அதே பக்கம் கோணியது. அது சிரிப்பில்லை, அவன் வாயே அப்படித்தான் என்று அப்போதுதான் கவனித்தேன். "பொகோத்தாவுல உங்களைத் தெரியாத பாட்டுக்காரன் கிடையாது. அந்தப் பெரியவரை ஒரு தடவை பாக்கணும்னு எத்தனை பேரு கேட்டாங்க தெரியுமா? அவர் யாரோடயும் பேசமாட்டார், யாரையும் நம்பமாட்டார்னு சொல்லி வைப்போம். அது பொய்யில்லையே!"

எங்கள் ஊர்ச் சந்தைக்கு வந்ததெல்லாம் திருட்டுக் காசெட். அட்டையில் பாட்டின் பெயரைப் பேனாவால் கிறுக்கியிருப்பார்கள். எழுதியவர் பெயரோடு அச்சடித்த அட்டையை ஊரில் ஒருத்தனும் பார்த்ததில்லை. பார்த்திருந்தாலும் நான் படித்திருக்கப் போவதில்லை.

டெல்ஃபினாவைப் பார்த்தேன். "உனக்குத் தெரியுமா?"

"தெரியும். மூணாவது தட்டு வந்தப்ப லெட்டர்ல எழுதினா."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"சொன்னா நம்பியிருப்பியா?"

நம்பியிருக்க மாட்டேன்.

வாயில் வரக்கூடாது என்றுதான் சொன்னேன். கையைப் பற்றி நான் ஒன்றும் சொல்லவில்லை. என் மகள் அந்த இடைவெளியைக் கண்டுபிடித்து, அதற்குள் இருபத்தொரு வருஷம் குடியிருந்திருக்கிறாள்.

காகிதத்தைத் திருப்பிக் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. அவளே வந்து என் விரலைப் பிரித்து வாங்கிச் சாபாஸிடம் கொடுத்தாள். அவள் கை சூடாக இருந்தது. காய்ச்சல் என்று நினைக்கிறேன்.

தெருவில் வண்டி ஊதியது. மணி நாலு.

ஆஸ்பத்திரிக்கு நான் வரமாட்டேன் என்று ஒரு மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். சுவரைப் பார்த்துப் பேசுகிறவன் என் மகளை வெட்டுவதை வாசலில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்க என்னால் முடியாது என்று சொல்லியிருந்தேன். நெரைடா அதை மறக்கவில்லை. பையிலிருந்து நோட்டை எடுத்து, அக்கார்டியன் பெட்டிமேல் வைத்து, நின்றுகொண்டே எழுதினாள். ஒரு பக்கம் முழுக்க எழுதினாள். அம்மா கையில் கொடுத்துவிட்டு என்னைக் காட்டினாள்.

டெல்ஃபினா படித்தாள். மேலேயிருந்து மறுபடியும் படித்தாள். சத்தமாகப் படிக்கவில்லை. சாபாஸை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தாள். அவன் பார்வையை மாற்றிக்கொண்டான்.

"என்ன எழுதியிருக்கா?"

"வண்டியில ஏறு."

"முதல்ல படி."

"பாலம் தாண்டட்டும், படிக்கிறேன். இங்கேயே படிச்சா நீ ஏறமாட்டே."

என் ஆயுசில் என்ன ஏது என்று தெரியாமல் நான் எதிலும் கால் வைத்ததில்லை. கல்யாணத்தன்றைக்குக்கூடப் பாதிரியார் வாசித்ததை இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னவன் நான்.

ஏறினேன். நெரைடா ஜன்னலோரம் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டாள். டெல்ஃபினா எங்கள் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்தாள். நோட்டு மூடியிருந்தது. ஆனால் அந்தப் பக்கம் தவறிவிடாமல் ஒரு விரலை உள்ளே விட்டு அழுத்திப் பிடித்திருந்தாள்.

பாலத்துக்கு ஒன்றரை மணி நேரம்.